கையெழுத்துப் போட்டுத்தானே குழந்தையைக் கொடுத்தார்கள், அது எப்படிக் கட்டாயத் தத்து?

கேள்வி இதுதான்: 2013ல் ஆஸ்திரேலியப் பிரதமர் ஜூலியா கில்லார்ட் ‘கட்டாயத் தத்து’க்காக நாட்டின் சார்பில் மன்னிப்புக் கேட்டார். ஆனால் அந்தத் தாய்மார்கள் சம்மதப் படிவத்தில் கையெழுத்துப் போட்டுத்தானே குழந்தையைக் கொடுத்தார்கள், அப்புறம் அதில் கட்டாயம் எங்கே வந்தது? நாற்பது வருஷம் கழித்து மன்னிப்புக் கேட்டு யாருக்கு என்ன ஆகப்போகிறது?

இந்தக் கேள்வியைக் கேட்டவரைக் குறை சொல்ல மாட்டேன். ஆஸ்திரேலியாவிலேயே பல வருஷம் இதே வாக்கியத்தைச் சொல்லித்தான் அந்தப் பெண்களின் வாயை அடைத்தார்கள். ‘உன் கையெழுத்து இதோ இருக்கிறதே’ என்றால் அதற்கு மேல் ஒருத்தி என்ன பேச முடியும்? இந்தக் கட்டாயத் தத்து பற்றி ஆஸ்திரேலிய நாடாளுமன்ற மேலவையான செனட்டின் குழு விசாரித்து 2012ல் வெளியிட்ட அறிக்கையை ஒரு தடவைக்கு மேல் முழுதாகப் படித்தவன் என்பதால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

முதலில் அந்தக் கையெழுத்து எப்படி வாங்கப்பட்டது என்று பார்ப்போம். 1950களிலிருந்து 1970களின் நடுப்பகுதி வரை இது உச்சத்தில் இருந்தது. பதினேழு வயதுப் பெண் ஒருத்தி, கல்யாணம் ஆகவில்லை, கர்ப்பம். அக்கம்பக்கத்தில் தெரிவதற்குள் வீட்டார் அவளை வேறு ஊருக்கு அனுப்பிவிடுவார்கள், அத்தை வீட்டுக்குப் போயிருக்கிறாள் என்றோ வேலை கிடைத்திருக்கிறது என்றோ ஊருக்குச் சொல்லிக்கொள்வார்கள். அவள் போய்ச் சேருவது கத்தோலிக்கத் திருச்சபையோ ஆங்கிலிக்கன் திருச்சபையோ சால்வேஷன் ஆர்மி என்ற கிறிஸ்தவ அமைப்போ நடத்திய ஒரு விடுதி. அங்கே வயிற்றுச் சுமையோடு சலவை, சமையல், தரை தேய்ப்பது எல்லாம் செய்ய வேண்டும், பல இடங்களில் கூலி கிடையாது. சில விடுதிகளில் சொந்தப் பெயரைக்கூட மாற்றி வேறு பெயரில்தான் கூப்பிட்டார்கள்.

பிரசவ வலி வந்ததும் மருத்துவமனை. இந்த இடத்தைத்தான் நிதானமாகப் பார்க்க வேண்டும். கல்யாணமாகாத பெண்களின் கோப்பில் பல மருத்துவமனைகளில் முன்கூட்டியே ஒரு குறி போட்டிருப்பார்கள், பி.எஃப்.ஏ. என்று மூன்று எழுத்து. ‘தத்துக்கான குழந்தை’ என்று அர்த்தம். குழந்தை இன்னும் பிறக்கவில்லை, யாரும் எந்தத் தாளிலும் கையெழுத்துப் போடவில்லை, ஆனால் முடிவு அங்கே எழுதியாகிவிட்டது. பிரசவத்தின்போது தாய் குழந்தையைப் பார்த்துவிடக் கூடாது என்று மார்மேல் தலையணை வைத்து மறைத்தார்கள், அல்லது துணியைத் தூக்கிப் பிடித்தார்கள். அழுகைச் சத்தம் மட்டும் கேட்டது, பிறந்தது ஆணா பெண்ணா என்றுகூடச் சொல்லவில்லை என்று எத்தனையோ பேர் சாட்சியம் சொல்லியிருக்கிறார்கள். குழந்தையை உடனே வேறு பகுதிக்கு எடுத்துப் போய்விடுவார்கள். சிலரைப் பிரசவமான கையோடு வேறு கட்டடத்துக்கே மாற்றினார்கள். பால் வற்றுவதற்கு ஸ்டில்பெஸ்ட்ரால் என்ற ஹார்மோன் மாத்திரை. அழுதால், குழந்தையைக் கேட்டால், மயக்க மருந்து. மார்பில் பால் கட்டி, மருந்து மயக்கத்தில், கூட யாரும் இல்லாமல் படுத்திருக்கும் அந்தப் பெண்ணிடம் நாலைந்து நாள் கழித்து ஒருவர் காகிதத்தோடு வருவார். ‘உன் குழந்தை மேல் உனக்குப் பாசம் இருந்தால் போடு’ என்பார்கள். அல்லது, போட்டால்தான் வீட்டுக்குப் போகலாம் என்பார்கள்.

இத்தனைக்கும் சட்டத்தில் பாதுகாப்பு இல்லாமல் இல்லை. 1960களில் மாநிலங்கள் ஏறக்குறைய ஒரே மாதிரி கொண்டுவந்த தத்துச் சட்டங்களில், பிரசவமான உடனே சம்மதம் வாங்கக் கூடாது, சில நாள் போக வேண்டும், கையெழுத்துப் போட்ட பிறகும் 30 நாளுக்குள் மனசு மாறினால் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம் என்றெல்லாம் இருந்தது. அந்த 30 நாள் விஷயத்தைப் பலரிடம் யாரும் சொல்லவே இல்லை. தெரிந்துகொண்டு திரும்பிப் போய்க் கேட்டவர்களில் சிலருக்கு, குழந்தை ஏற்கெனவே கொடுத்தாகிவிட்டது, இனி ஒன்றும் செய்ய முடியாது என்று பதில் வந்தது. கில்லார்ட் தன் உரையில் இந்த நடைமுறைகளை அறமற்றவை, நேர்மையற்றவை என்றதோடு, பல சமயங்களில் சட்டத்துக்கே விரோதமானவை என்றும் சொன்னதற்கு இதுதான் அடிப்படை. ‘அந்தக் காலத்துச் சட்டம் அப்படி’ என்று சமாதானம் சொல்கிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும், அந்தக் காலத்துச் சட்டத்தையே குழந்தையைப் பிரித்தவர்கள் மதிக்கவில்லை.

இன்னொன்று பணம். குழந்தையை நான் வளர்க்கிறேன் என்று சொன்ன பெண்ணிடம் கேட்கப்பட்ட முதல் கேள்வி, எப்படி வளர்ப்பாய், எதை வைத்து வளர்ப்பாய் என்பதுதான். 1942லிருந்தே விதவைகளுக்கு மத்திய அரசின் உதவித்தொகை இருந்தது, கல்யாணமாகாத தாய் அந்தக் கணக்கில் வரமாட்டாள். பிரசவத்தை ஒட்டிச் சில வாரங்களுக்கு ஒரு சிறப்பு உதவி இருந்தது, குழந்தையின் அப்பாவிடம் ஜீவனாம்சம் கேட்கவும் வழி இருந்தது. ஆனால் அவற்றை எடுத்துச் சொல்ல வேண்டிய சமூகப் பணியாளர்களே பல சமயம் சொல்லவில்லை. 1969ல் மெல்பர்னில் இந்தத் தாய்மார்களே ஒரு சங்கம் அமைத்துப் போராடினார்கள். 1973ல் பிரதமர் விட்லமின் அரசாங்கம் தனித்து வாழும் தாய்மாருக்கான உதவித்தொகையைக் கொண்டுவந்தது. இப்போது எண்ணிக்கையைப் பாருங்கள். 1971-72ல் ஆஸ்திரேலியாவில் ஒரே வருஷத்தில் ஏறக்குறைய 10,000 தத்து நடந்திருக்கிறது, அதுதான் உச்சம். 1979-80ல் அது மூவாயிரத்துச் சொச்சமாக இறங்கிவிட்டது. கருத்தடை மாத்திரை பரவியது, கருக்கலைப்புச் சட்டம் தளர்ந்தது, முறைகேடாகப் பிறந்த குழந்தை என்று சட்டத்தில் இருந்த பாகுபாட்டை மாநிலங்கள் ஒவ்வொன்றாக நீக்கின, எல்லாவற்றுக்கும் இதில் பங்கு உண்டு. ஆனாலும் கையில் கொஞ்சம் பணமும் தலைக்கு மேல் ஒரு கூரையும் வந்ததும் எத்தனையோ பெண்கள் குழந்தையைத் தாங்களே வைத்துக்கொண்டார்கள் என்றால், அதற்கு முந்தைய வருஷம் வரை போடப்பட்ட கையெழுத்துகளை விருப்பம் என்று எப்படிச் சொல்வது? வேறு வழி எல்லாவற்றையும் அடைத்துவிட்டு, திறந்திருந்த ஒரே வழியில் போனாய், ஆகவே நீயாகத்தான் போனாய் என்று சொல்வது மாதிரிதான்.

சரி, இவ்வளவையும் யார் எதற்காகச் செய்தார்கள்? குழந்தை விற்ற கும்பல் கதை என்று நினைத்துவிடாதீர்கள். செய்தவர்களில் மிகப் பலர் நல்லது செய்வதாகவே நம்பிய நர்ஸ்கள், டாக்டர்கள், கன்னியாஸ்திரிகள், அரசு ஊழியர்கள். ஒரே வெட்டாகப் பிரித்துவிட்டால் தாயும் மறந்துவிடுவாள், பிள்ளையும் புது வீட்டில் அங்கேயே பிறந்ததுபோல் வளரும் என்று ஒரு கோட்பாடு அப்போது செல்வாக்கோடு இருந்தது. பிள்ளை இல்லாத தம்பதிகள் வரிசையில் காத்திருந்தார்கள். போய் ஒரு நல்ல பையனைக் கல்யாணம் பண்ணிக்கொள், இன்னொரு குழந்தை பெற்றுக்கொள், இதை மறந்துவிடு என்று பேறு முடிந்த பெண்ணிடம் சொல்லி அனுப்பினார்கள். குழந்தைக்குப் புதுப் பிறப்புச் சான்றிதழ் எழுதப்பட்டது, அதில் வளர்ப்புப் பெற்றோரே பெற்றவர்களாக இருப்பார்கள். பழைய சான்றிதழை முத்திரை போட்டுப் பூட்டி வைத்தார்கள், பெற்றவளும் பார்க்க முடியாது, பிள்ளை வளர்ந்து பெரியவனானாலும் பார்க்க முடியாது.

யாரும் மறக்கவில்லை. ஆஸ்திரேலியக் குடும்ப ஆய்வு நிறுவனம் 2012ல் வெளியிட்ட ஆய்வில் 1,500க்கும் மேற்பட்டவர்கள் பங்கேற்றார்கள், அவர்களில் 505 பேர் தாய்மார், 823 பேர் தத்துப் போனவர்கள், தந்தையர் வெறும் 12 பேர். தாய்மாரில் ஏறக்குறைய மூன்றில் ஒருவர் கடுமையான மன வேதனையில் இருப்பது அதில் தெரிந்தது, பிரசவமாகி முப்பது, நாற்பது வருஷம் கழித்தும். பிற்பாடு கல்யாணமாகிப் பிள்ளைகள் பெற்ற பிறகும் அந்த முதல் பிள்ளையைப் பற்றிக் கணவனிடம்கூடச் சொல்லாமல் இருந்தவர்கள், ஒவ்வொரு வருஷமும் அந்தத் தேதி வந்தால் தனியாக உட்கார்ந்து அழுதவர்கள் பலர். தத்துப் போன பிள்ளைகளின் நிலை வேறு மாதிரி. ‘உன்னை வேண்டாம் என்று கொடுத்துவிட்டாள்’ என்ற நினைப்போடு வளர்ந்திருக்கிறார்கள். டாக்டர் குடும்பத்தில் யாருக்காவது சர்க்கரை, நெஞ்சுவலி உண்டா என்று கேட்டால் பதில் தெரியாது. தாங்கள் தத்துப் பிள்ளை என்பதே நாற்பது, ஐம்பது வயதில், வளர்த்தவர்கள் இறந்த பிறகு, பெட்டியில் கிடந்த காகிதத்தைப் பார்த்துத் தெரிந்துகொண்டவர்களும் இருக்கிறார்கள். தம்மை உயிராக வளர்த்தவர்கள் மேல் பாசமும் உண்டு, பொய் சொல்லிவிட்டார்களே என்ற கோபமும் உண்டு, இரண்டையும் ஒரே நேரத்தில் சுமக்க வேண்டியிருந்தது அவர்களுக்கு.

பூட்டிய பதிவேடுகளை முதலில் திறந்தது விக்டோரியா மாநிலம், 1984ல். நியூ சவுத் வேல்ஸ் 1990ல் சட்டம் கொண்டுவந்தது. அதற்கப்புறம் தாயும் பிள்ளையும் தேடிச் சந்திப்பது தொடங்கியது. சந்தித்தவர்கள் பேசியபோதுதான் தன் தாய் தன்னைத் தூக்கிப் போடவில்லை என்பது பல பிள்ளைகளுக்குத் தெரிந்தது, எல்லாருக்கும் ஒரே மாதிரிதான் நடந்திருக்கிறது என்பது தாய்மார்களுக்குப் புரிந்தது. அது வரை தனக்கு மட்டும் நேர்ந்த வெட்கக்கேடு என்றுதான் ஒவ்வொருத்தியும் மனசுக்குள் பூட்டி வைத்திருந்தாள்.

நியூ சவுத் வேல்ஸ் நாடாளுமன்றம் விசாரித்து 2000ல் அறிக்கை கொடுத்தது. மேற்கு ஆஸ்திரேலிய நாடாளுமன்றம் 2010 அக்டோபரில் முதலில் மன்னிப்புக் கேட்டது. அதே வருஷக் கடைசியில் மத்திய செனட் ஒரு விசாரணையைத் தொடங்கியது, 2012 பிப்ரவரி 29ல் அறிக்கை வந்தது. எத்தனை தத்து கட்டாயத்தால் நடந்தது என்று எண்ணிச் சொல்ல வழியில்லை என்பதைக் குழு ஒளிக்கவில்லை. 1951லிருந்து 1975 வரை மொத்தமாக நடந்த தத்துகளையே 1,40,000 முதல் 1,50,000 வரை என்று மதிப்பிட்டது. இன்று பல இடங்களில் 1,50,000 கட்டாயத் தத்து என்று எழுதுகிறார்கள், அது இந்த மொத்தக் கணக்குத்தான்.

அந்த அறிக்கையில் எனக்குப் பெரிதாகப் படுவது வேறு. மன்னிப்பு எப்படி இருக்க வேண்டும் என்று அவர்கள் உட்கார்ந்து யோசித்திருக்கிறார்கள். நடந்த தவறை வெளிப்படையாகச் சொல்ல வேண்டும், பொறுப்பை ஏற்க வேண்டும், உண்மையாக வருந்த வேண்டும், திரும்ப நடக்காது என்று உறுதி தர வேண்டும், கையால் ஏதாவது செய்தும் காட்ட வேண்டும் என்று கனடாவின் சட்ட ஆணையம் வகுத்த அளவுகோலை எடுத்துக்கொண்டார்கள். அதோடு ஒரு பரிந்துரை: மன்னிப்புக் கேட்கும் நிறுவனங்கள் ‘அந்தக் காலத்து நெறிமுறை அப்படி’, ‘அப்போதைய மருத்துவ வழக்கம் அப்படி’ என்ற வாலை அதில் ஒட்டக் கூடாது. இது எவ்வளவு முக்கியம் என்று பட்டவர்களுக்குத்தான் தெரியும். ‘ஆனால்’ வந்துவிட்டால் அது மன்னிப்பாகாது, விளக்கம் ஆகிவிடும்.

2013 மார்ச் 21, கான்பெரா நாடாளுமன்றக் கட்டடத்தின் பெரிய மண்டபம். சுமார் 800 பேர், பெரும்பாலும் வயதான பெண்கள். வாசகங்களை எழுதித் தர, முன்னாள் குடும்ப நீதிமன்ற நீதிபதி நாஹும் முஷின் தலைமையில், பாதிக்கப்பட்டவர்களும் இடம்பெற்ற ஒரு குழு வேலை செய்திருந்தது. நாடாளுமன்றம் ஆஸ்திரேலிய மக்களின் சார்பில் பொறுப்பேற்று மன்னிப்புக் கேட்கிறது என்று தொடங்கியது உரை. உங்கள் உரிமை என்ன என்பதையே உங்களுக்குத் தெரிவிக்கவில்லை, ஆகவே நீங்கள் தெரிந்து கொடுத்த சம்மதம் என்று ஒன்று இருக்க முடியாது என்று தாய்மாரைப் பார்த்துச் சொன்னார் கில்லார்ட். உங்கள் கேள்விக்கு ஒரு நாட்டின் நாடாளுமன்றமே சொன்ன பதில் அதுதான். தாய் உங்களைக் கைவிட்டாள் என்று நம்பவைக்கப்பட்டவர்களே என்று பிள்ளைகளிடம் தனியாகப் பேசினார், தந்தையரையும் உடன்பிறந்தவர்களையும் தாத்தா பாட்டிகளையும் குறிப்பிட்டார்.

அன்று எதிர்க்கட்சித் தலைவர் டோனி அபட் பேசும்போது கூட்டத்திலிருந்து எதிர்ப்புக் குரல்கள் எழுந்தன. அவர் வாயிலிருந்து வந்த இரண்டு சொற்கள்தான் காரணம். ஒன்று, தாய்மார் தாங்களே விட்டுக்கொடுத்தார்கள் என்ற அர்த்தம் தரும் சொல். இன்னொன்றை நம் மொழியில் அப்படியே போட்டால் ‘பெற்றவர்கள்’ என்றுதான் வரும், அதில் என்ன கோபம் என்று நமக்குப் புரியாது. தமிழில் பெற்ற தாய் என்பது இருப்பதிலேயே மேலான சொல், அதற்கு மேல் உரிமை கொண்டாட யாரும் இல்லை. அங்கே அந்தச் சொல்லை அதிகாரிகள் பயன்படுத்தியது நேர் எதிராக: பிரசவித்தது மட்டும்தான் நீ, தாய் வேறொருத்தி. கோப்புகளில் அந்தச் சொல்லால் குறிக்கப்பட்ட பெண்கள்தான் அந்த மண்டபத்தில் உட்கார்ந்திருந்தார்கள், ‘நாங்கள் தாய்’ என்பதற்காகத்தான் அத்தனை வருஷம் போராடினார்கள். அபட் அங்கேயே வருத்தம் தெரிவித்தார்.

ஒரு விஷயம் இன்றைக்கும் எனக்கு ஆறவில்லை. அதே நாள் ஆளும் கட்சிக்குள் தலைமைச் சண்டை வெடித்தது, கில்லார்டின் பதவி தப்புமா என்பதே செய்தியாகிவிட்டது. நாற்பது வருஷம் காத்திருந்த அந்தப் பெண்களின் நாள் கட்சிச் சண்டைச் செய்திகளுக்கு அடியில் போய்விட்டது.

மன்னிப்போடு சேர்த்து மனநல உதவி, ஆலோசனை, பதிவேடுகளைத் தேடித் தருவது, தேசிய ஆவணக் காப்பகத்தில் ஒரு கண்காட்சி ஆகியவற்றுக்கு நிதி ஒதுக்கினார்கள். நேரடி இழப்பீடு கிடையாது. அதற்கு விக்டோரியா மாநிலம் 2021ல் தனியாக ஒரு விசாரணை நடத்தி, 2024ல்தான் தாய்மாருக்குத் தலா 30,000 டாலர் தரும் திட்டத்தைத் தொடங்கியது. அதற்குள் எத்தனையோ பேர் போய்ச் சேர்ந்துவிட்டார்கள்.

மற்ற நாடுகளோடு வைத்துப் பார்த்தால்தான் 2013 வாசகத்தின் எடை புரியும். அயர்லாந்தில் தாய்-சேய் விடுதிகள் பற்றிய விசாரணை ஆணையத்தின் அறிக்கை 2021 ஜனவரியில் வந்தது. 18 நிறுவனங்கள், சுமார் 56,000 பெண்கள், 57,000 குழந்தைகள், அவர்களில் சுமார் 9,000 குழந்தைகள் இறந்துபோனார்கள். மறுநாளே பிரதமர் மிகோல் மார்ட்டின் நாடாளுமன்றத்தில் மன்னிப்புக் கேட்டார். ஆனால் அதே அறிக்கை, தங்கள் சம்மதம் முழுமையானதல்ல என்று சில பெண்கள் கருதுகிறார்கள், தத்து நடந்த காலத்தில் அவர்கள் அப்படிக் கருதியதற்குச் சிலருடைய வழக்குகளைத் தவிர ஆதாரம் இல்லை என்று எழுதியது. ஆதாரம் எங்கிருந்து வரும்? பதினெட்டு வயதில் கன்னியாஸ்திரி முன் நின்றவள் எதிர்ப்பை எழுதிப் பதிவு செய்துவிட்டா வந்திருப்பாள்? மேலும் அந்த அறிக்கை குழந்தையின் தகப்பன்மார் மேலும் பெண்ணின் குடும்பத்தார் மேலும்தான் முதல் பழியைப் போட்டது. பாதிக்கப்பட்டவர்கள் கொதித்துப்போனதில் ஆச்சரியம் இல்லை. இழப்பீட்டுத் திட்டத்திலும், ஆறு மாதத்துக்குக் குறைவாக விடுதியில் இருந்த குழந்தைகளுக்கு ஒன்றும் இல்லை என்று விதி வைத்தார்கள். சீக்கிரம் தத்துக் கொடுக்கப்பட்ட குழந்தை, அதாவது தாயிடமிருந்து சீக்கிரமே பிரிக்கப்பட்ட குழந்தை, அந்த விதியிலேயே விழுந்துவிடுகிறது.

இங்கிலாந்து, வேல்ஸ் இரண்டிலும் 1949க்கும் 1976க்கும் இடையில் கல்யாணமாகாத தாய்மாரின் குழந்தைகள் சுமார் 1,85,000 பேர் தத்துக் கொடுக்கப்பட்டதாக பிரிட்டிஷ் நாடாளுமன்றக் குழு 2022ல் சொன்னது, அரசு முறைப்படி மன்னிப்புக் கேட்க வேண்டும் என்றது. 2023 மார்ச்சில் லண்டன் அரசாங்கத்தின் பதில், சமூகத்தின் சார்பில் வருந்துகிறோம், ஆனால் இதை அரசு முன்நின்று செய்யவில்லை, ஆகவே முறையான மன்னிப்பு பொருத்தமாக இராது. அதே மாதம் ஸ்காட்லாந்தின் முதலமைச்சர் நிகோலா ஸ்டர்ஜன் மன்னிப்புக் கேட்டார், அடுத்த மாதம் வேல்ஸ் அரசும் கேட்டது. ‘சமூகம்’ என்ற சொல் வந்தாலே நான் உஷாராகிவிடுகிறேன். சமூகம் யாருக்கும் மயக்க ஊசி போடவில்லை. கோப்பில் குறி போட்ட கைக்குச் சம்பளம் கொடுத்த ஒரு நிறுவனம் இருந்தது, அந்த நிறுவனத்துக்கு உரிமம் கொடுத்த ஒரு அரசு இருந்தது.

நம் பக்கத்திலும் இதற்கு ஒரு தொடர்பு உண்டு. இலங்கையிலிருந்து 1970களின் கடைசியிலும் 1980களிலும் ஆயிரக்கணக்கான குழந்தைகள் நெதர்லாந்து, சுவிட்சர்லாந்து முதலிய நாடுகளுக்குத் தத்துப் போனார்கள். பெரியவர்களாகித் தாயைத் தேடிப் போன சிலருக்கு, காகிதத்தில் தாய் என்று கையெழுத்துப் போட்டவள் தாயே இல்லை, காசு வாங்கிக்கொண்டு தாயாக நடித்தவள் என்று தெரியவந்தது. நெதர்லாந்து ஒரு விசாரணைக் குழு வைத்து, 2021 பிப்ரவரியில் அமைச்சர் சாண்டர் டெக்கர் மன்னிப்புக் கேட்டார், வெளிநாட்டுத் தத்தையே அப்போதைக்கு நிறுத்தினார்கள். சுவிஸ் அரசும் வருத்தம் தெரிவித்தது. தென் கொரியாவில் பெற்றோர் உயிரோடு இருந்த குழந்தைகளையே அநாதை என்று பதிவு செய்து அனுப்பியதை அந்நாட்டின் உண்மை ஆணையம் 2025ல் உறுதி செய்தது, அக்டோபரில் ஜனாதிபதி லீ ஜே-மியுங் மன்னிப்புக் கேட்டார்.

மன்னிப்பால் என்ன ஆகப்போகிறது என்ற கடைசிக் கேள்வி. பிரிந்த நாற்பது வருஷம் திரும்பாது, அதில் சந்தேகம் இல்லை. ஆனால் உரையைக் கேட்டுவிட்டு வீட்டுக்குப் போய்க் கணவனிடமும் மற்றப் பிள்ளைகளிடமும் முதல் தடவையாகச் சொன்ன பெண்கள் உண்டு, நான் செய்த பாவம் என்று நினைத்திருந்தது எனக்குச் செய்யப்பட்ட பாவம் என்று சொல்ல அவர்களுக்கு ஒரு அரசாங்க வாக்கியம் கிடைத்தது. அப்புறம், செனட் குழு பரிந்துரைத்த இன்னொரு சின்ன விஷயம், பெற்றவர், வளர்த்தவர் இருவர் பெயரும் இருக்கிற பிறப்புச் சான்றிதழ். நியூ சவுத் வேல்ஸ் 2020 நவம்பரிலிருந்து அதைக் கொடுக்கிறது. தத்துப் போனவர் விண்ணப்பித்தால் கிடைக்கும், அடையாளச் சான்றாக எங்கும் காட்டலாம், முழுதாகச் செல்லும்.